கிழவி என்றால் சோறு கிடையாது!

என் புக்ககம் கருவேப்பிலங்குறிச்சி. விருத்தாசலத்திலிருந்து ஜெயங்கொண்டம் போகும் ரோட்டில் இருக்கிறது. சென்ற மாதம் ஒரு வளைகாப்புக்காகப் போயிருந்தோம். மறுநாள் காலை அவர், நான், காலேஜில் படிக்கும் மகள், மூவரும் விருத்தாசலம் கோயிலுக்கு பஸ் ஏறினோம்.

வழியெல்லாம் மகள் ஓர் ஆங்கிலப் படக் கதை சொல்லிக்கொண்டே வந்தாள். ரத்தக் காட்டேரி ஒருத்தனுக்குச் சாவே கிடையாதாம், வயசும் ஏறாதாம். அவன் ஒரு சாதாரணப் பெண்ணிடம் மனசைப் பறிகொடுத்து விடுகிறானாம். 1897-ல் பிராம் ஸ்டோக்கர் எழுதிய ‘டிராகுலா’வைப் படித்துவிட்டு ஒரு வாரம் விளக்கை அணைக்காமல் தூங்கியவள் நான். இப்போது காட்டேரி காதல் பண்ணுகிறான்!

“முப்பது வருஷம் கழிச்சு ரெண்டு பேரும் கடைக்குப் போனா, ‘உங்க பிள்ளையா?’ன்னு கேப்பாங்களேடி!” என்றேன். மகள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

அவர் மட்டும் ஜன்னல் பக்கம் திரும்பி, “சாகாம இருந்தா நல்லதுதானே” என்றார். எனக்குச் சுருக்கென்றது. ஆறு மாசத்துக்கு முன் அவருக்கு இதயத்தில் ஸ்டென்ட் வைத்தார்கள். அன்றிலிருந்து மனுஷருக்கு எதிலும் பிடிப்பில்லை. டாக்டர் சொன்ன நடையும் இல்லை, மாத்திரையும் நான் கெஞ்சினால்தான்.

மணிமுத்தாற்றங்கரையில் இருக்கிறது விருத்தகிரீசுவரர் கோயில். ‘விருத்த’ என்றால் முதிய. பழைய பெயர் முதுகுன்றம். சுவாமியும் பழமலைநாதர், அம்பாளும் விருத்தாம்பிகை. முதலில் படியிறங்கி ஆழத்துப் பிள்ளையாரை வணங்கிவிட்டு உள்ளே போனோம். இந்தக் கோயிலைக் கல்லால் எடுப்பித்தவர் 10-ஆம் நூற்றாண்டுச் சோழ அரசி செம்பியன் மாதேவி. கணவர் கண்டராதித்தர் மறைந்த பிறகு பல காலம் வாழ்ந்து, ஊர் ஊராகக் கோயில்களைக் கற்றளியாக்கியவர். கோனேரிராஜபுரத்தில் கணவர் பெயராலேயே கோயில் எடுத்து, அவர் சிவனை வணங்குவது போலச் சிற்பமும் வைத்தார். மனுஷ ஆயுசு முடிந்தாலும் அன்பு முடியவில்லை, பாருங்கள்!

இங்கே அம்பாளுக்கு இரண்டு சந்நிதி. குரு நமசிவாயர் சிதம்பரம் போகும் வழியில் இங்கே பசியோடு படுத்தாராம். பெரியநாயகியைக் கிழவி என்று பாடிச் சோறு கேட்டாராம். அம்பாள் கிழவியாகவே வந்து, “கிழவியால் எப்படியப்பா சோறு கொண்டுவர முடியும்?” என்று கேட்டாளாம். இளமையாகப் பாடியதும் இளம்பெண்ணாய் வந்து அன்னமிட்டாளாம். அவள்தான் பாலாம்பிகை. சாகாத அம்பாளுக்கே வயசைச் சொன்னால் கோபம் வருகிறதென்றால், தலைக்குச் சாயம் பூசும் நாம் எம்மாத்திரம்!

இந்தக் கதையைக் கேட்டு அவர் வாய்விட்டுச் சிரித்தார். ஆறு மாசத்தில் அன்றுதான்.

விருத்தாசலம் வந்தால் பீங்கான் பொம்மை வாங்காமல் போகலாமா? அச்சில் களிமண் குழம்பை ஊற்றி, காயவைத்து, சூளையில் சுடுகிறார்கள். ஒரு ஜோடி பொம்மை வாங்கினேன். “இதுங்களுக்கு வயசே ஆகாதும்மா” என்றாள் மகள். “கீழே போட்டா உடையுமே. பத்திரமா வெச்சுக்கணும்” என்றார் அவர், என்னைப் பார்த்துக்கொண்டே.

ராத்திரி அவராகவே கூப்பிட்டார்: “ஏ கிழவி, மாத்திரையை எடு!”

“கிழவின்னா சோறு கிடையாதுங்க!” என்றேன்.

மறுநாள் காலை ஐந்தரைக்கு, எனக்கு முன்னாலேயே அவர் செருப்பை மாட்டிக்கொண்டு வாசலில் நின்றார், நடப்பதற்கு.