ஏடும் ஏரும்

கல்வியின் பயன் யாது என்று வினவின், கையில் மண் ஒட்டாத உத்தியோகம் ஒன்றைப் பெறுதலே என்று விடை கூறுவார் நம்மிற் பலர். வாயால் அவ்வாறு கூறாதவிடத்தும் மனத்தில் அங்ஙனமே எண்ணுகின்றோம். இவ்வெண்ணத்தைச் சோதித்தற்கு, அமெரிக்காவின் தென்பகுதியில் தோன்றிய ஒரு நாட்டுப்புறக் கலாசாலையின் வரலாறு நமக்கு உதவுகின்றது.

அலபாமா மாகாணத்தில் டஸ்கீகீ என்னும் சிற்றூரில், 1881ஆம் ஆண்டு ஜூலை 4ஆம் நாள் அக்கலாசாலை தொடங்கிற்று. தலைவர் புக்கர் டி. வாஷிங்டன், அடிமையாகப் பிறந்து 1865இல் விடுதலை பெற்றவர். முதலில் வந்த மாணாக்கர் சுமார் 30 பேர். யாவரும் கறுப்பின மக்கள். அரசாங்கம் ஆண்டுதோறும் அளித்த 2,000 டாலர் உபாத்தியாயர் சம்பளத்திற்கே உரியது. ஆகவே கடன் பெற்றே, பாழ்பட்ட பண்ணையொன்றை 500 டாலருக்கு வாங்கினார்.

காடு திருத்த அழைத்தபோது மாணாக்கர் முகஞ்சுளித்தனர். அவருட் சிலர் முன்னரே உபாத்தியாயராயிருந்தவர். வாஷிங்டன் கோடரியைத் தாமே எடுத்து முன் நடந்தார். தலைவரே மரம் வெட்டக் கண்டு மாணாக்கரும் பின்தொடர்ந்தனர். பிற்பகல்தோறும் உழைத்துச் சுமார் 20 ஏக்கர் திருத்திப் பயிரிட்டனர். கட்டடத்திற்கென இட்ட செங்கற்சூளை மும்முறை பாழாயிற்று. தம் கடிகாரத்தை 15 டாலருக்கு அடகு வைத்து நான்காஞ் சூளையிட்டார். அது நன்கு வெந்தது. பின்னர் அயலிலிருந்த வெள்ளையரும் அச்செங்கல்லை விலைக்கு வாங்க வந்தனர்.

1896இல் ஜார்ஜ் வாஷிங்டன் கார்வர் அங்கு விவசாய ஆசிரியராக வந்தார். ஓயாது பருத்தியே விளைத்தமையால் அப்பகுதி மண் வலியிழந்திருந்தது. காராமணி, நிலக்கடலை இவற்றின் வேர்முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்கள் காற்றிலுள்ள நைட்ரஜனைப் பயிருக்கு உணவாக்குவன. ஆதலின் அவற்றைப் பருத்தியோடு மாற்றிப் பயிரிடுமாறு குடியானவர்க்குக் கற்பித்தார். 1906 முதல், கருவிகள் ஏற்றிய வண்டியொன்று கிராமங்களை நாடிச் சென்றது. வர இயலாதாரிடம் கலாசாலையே சென்றது எனலாம்.

ஆயினும் இம்முறைக்கு மறுப்பும் எழுந்தது. கைத்தொழிலையே முதன்மையாக்கி உயர்கல்வியையும் வாக்குரிமையையும் பின்தள்ளல் ஆகாது என்று, டு பாய்ஸ் என்னும் கறுப்பின அறிஞர் 1903இல் வன்மையாக எழுதினார். அவர் கூற்றைப் புறக்கணித்தல் நேர்மையன்று. ஒரு வகுப்பாருக்கு ஏரையும் மற்றொரு வகுப்பாருக்கு ஏட்டையும் விதித்துவிட்டு உழைப்பின் பெருமை பேசுதல் வெறுஞ்சொல்லேயாம். பிறப்பினால் தொழிலை வகுத்து அதற்கு இழிவும் கற்பித்த நம் நாட்டார்க்கு இவ்வுண்மை புதிதன்று.

இவ்விருவரையும் ஒருங்கே கேட்டல் நம் கடன். தலைவர் கையிற் கோடரி இருந்தமையாலன்றோ மாணாக்கர் நாணம் நீங்கினர்! பட்டம் பெற்ற நம் கைகள் மண்வெட்டியைத் தொட நாணுமாயின், நம் கல்வி குறைபட்டதே. மண்வெட்டி பிடித்த கைகள் பட்டம் பெற வழியில்லையாயின், அக்குறையும் நம்முடையதே.