செத்ததாகச் சொல்லப்பட்ட பேனாக்கள்

அரசினர் தோட்டம் மெட்ரோவில் இறங்கி ரிச்சி தெருவுக்குள் நுழைந்ததுமே, "என்ன சார் பாக்குறீங்க, லேப்டாப்பா, டேப்பா?" என்று இருபுறமும் கூப்பிட ஆரம்பித்துவிடுகிறார்கள். நான் பார்க்க வந்தது இரண்டும் இல்லை. டேப்லெட்டில் எழுதுகிற ஸ்டைலஸ் பேனாவைப் பழுது பார்ப்பவர் ஒருவர் இருக்கிறார் என்று கேள்விப்பட்டு வந்திருந்தேன். கல்லூரி மாணவர்கள், டியூஷன் எடுப்பவர்கள், படம் வரைபவர்கள் என்று பலர் கையிலும் இன்று அந்தப் பேனா இருக்கிறது. நின்றுபோனால் பெரும்பாலோர் செய்வது ஒன்றுதான்: புதிதாக வாங்குவது.

கடை நரசிங்கபுரம் தெருப் பக்கம், ஒரு மாடிப்படிக்குக் கீழே. இருவர் நின்றால் மூன்றாமவர் தெருவில்தான் நிற்க வேண்டும். மேசையில் பூதக்கண்ணாடி விளக்கு, மல்டிமீட்டர், சுவரில் ஆணியடித்து மாட்டிய கேபிள்கள். கடைக்காரருக்கு ஐம்பது வயதிருக்கும். விஷயத்தைச் சொன்னதும், "உக்காருங்க சார், வர்றவங்கள பாருங்க. நான் தனியா சொல்றதுக்கு ஒண்ணுமில்ல" என்று ஸ்டூலை நகர்த்திப் போட்டார்.

முதலில் வந்தவர் ஒரு கல்லூரி மாணவி. கையில், பெயர் தெரியாத ஏதோ ஒரு பிராண்டின் வெள்ளைப் பேனா. "அண்ணா, நேத்து வரைக்கும் நல்லா எழுதுச்சு. நைட்டு முழுக்க சார்ஜ் போட்டேன், லைட்டே வரல. பேட்டரி போயிடுச்சா?"

அவர் பேனாவை வாங்கவே இல்லை. "எந்தக் கேபிள்ல போட்டேம்மா, அதைக் காட்டு" என்றார். பையிலிருந்து வந்தது இரண்டு முனையும் ஒன்றுபோல இருக்கும் சி டு சி கேபிள், டேப்லெட்டோடு வந்தது. "பேனா பெட்டியில குட்டியா ஒண்ணு குடுத்திருப்பானே?" "அது ஹாஸ்டல்ல தொலைஞ்சுபோச்சுண்ணா." சுவரிலிருந்து ஒரு பக்கம் பட்டையான பழைய யு.எஸ்.பி தலையுள்ள கேபிள் ஒன்றை எடுத்தார். சார்ஜருக்கும் கேபிளுக்கும் நடுவில் விரல் நீளத்தில் ஒரு யு.எஸ்.பி மீட்டரைச் செருகி, பேனாவை மாட்டினார். மீட்டரில் 0.09 ஆம்ப். பேனாவின் தலையில் சிவப்பு விளக்கு எரிந்தது. அந்தப் பெண் சிரித்துவிட்டார்.

பழைய பட்டைத் தலையில் 5 வோல்ட் எப்போதும் வந்துகொண்டே இருக்கும். சி தலை அப்படியில்லை. மறுமுனையில் ஆள் குரல் கேட்டால்தான் கதவைத் திறக்கும். அந்தக் குரலைக் கொடுப்பவை மின்னேற்றம் பெறும் கருவியில் வைக்க வேண்டிய 5.1 கிலோ ஓம் மின்தடைகள் இரண்டு. காசு கணக்கில் விலை. மலிவான பேனாக்கள் பலவற்றில் அதையும் மிச்சம் பிடித்துவிடுகிறார்கள். ஆகவே எத்தனை வாட் சார்ஜராக இருந்தாலும், சி டு சி கேபிளில் இரவு முழுக்கப் போட்டாலும், பேனாவுக்குள் ஒரு சொட்டுக்கூட இறங்காது. "குப்பையில போட்ட பேனாவுல பாதி இப்படித்தான் போயிருக்கும்" என்றார். அது அவர் கணக்கு. எனக்கும் நம்பத் தோன்றியது.

பவர் பேங்கிலும் இதே மாதிரி ஒரு சிக்கல் உண்டாம். இவ்வளவு சின்ன மின்னோட்டம் போவதைப் பார்த்து, போன் நிறைந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டு பல பவர் பேங்குகள் அரை நிமிடத்தில் தாமாக நின்றுவிடும். நாம் காலையில் எழுந்து பேனாவைத் திட்டுவோம்.

மீட்டரை எப்படிப் படிப்பது என்று கேட்டேன். 0.00 என்று நின்றால் முதல் சந்தேகம் கேபிள், இரண்டாவது பேனாவின் துளையில் சேர்ந்த அழுக்கு, கடைசியில்தான் பேட்டரி. சில மலிவு மீட்டர்கள் சின்ன மின்னோட்டத்தைக் காட்டாமலே விடும் என்பதால் ஏற்கெனவே நன்றாக இருக்கும் ஒரு பேனாவை மாட்டி ஒப்பிட்டுக்கொள்ள வேண்டும். 0.09 என்று தொடங்கி, ஒன்றரை மணி நேரம் பொறுத்து மெல்ல இறங்கினால் பேட்டரி ஆரோக்கியம். ஐந்தே நிமிடத்தில் 'நிறைந்துவிட்டது' என்று பச்சை விளக்கு காட்டி, எழுத ஆரம்பித்து இருபது நிமிடத்தில் படுத்துவிட்டால் அதன் கொள்ளளவு போய்விட்டது என்று அர்த்தம். இந்த மலிவுப் பேனாக்களில் பலவற்றுக்கு ப்ளூடூத் கிடையாது. டேப்லெட் திரையில் எத்தனை சதவீதம் என்று பார்க்க வழியில்லை. தலையில் எரியும் விளக்கையும் கடிகாரத்தையும் வைத்துத்தான் நாடி பார்க்க வேண்டும்.

மாணவியிடம் காசு வாங்கவில்லை. கேபிளுக்கு மட்டும் வாங்கிக்கொண்டார்.

அடுத்து வந்தவர் வங்கி ஊழியர் போலிருந்தார். முதல் தலைமுறை ஆப்பிள் பென்சில். மகள் பத்தாம் வகுப்பில் பயன்படுத்தியது. பிறகு மேசை டிராயரில் கிடந்திருக்கிறது. இப்போது அவள் தம்பிக்கு வேண்டுமாம். 2015 நவம்பரில் ஐபேட் ப்ரோவோடு வந்த மாடல் இது. பின்மூடியைக் கழற்றினால் உள்ளே லைட்னிங் முனை. அதை நேரடியாக ஐபேடில் குத்தி வைத்து சார்ஜ் ஏற்ற வேண்டும். 15 விநாடி குத்தினால் அரை மணி நேரம் எழுதலாம், முழுதாக ஏறினால் 12 மணி நேரம் என்பது நிறுவனம் சொல்லும் கணக்கு. உண்மையில் அவ்வளவு வேகமாக ஏறக் காரணம், உள்ளே இருப்பது அவ்வளவு சின்னது. கருவிகளைப் பிரித்து ஆராயும் ஐஃபிக்ஸிட் குழுவினர் இதை அறுத்துப் பார்த்தபோது கிடைத்த பேட்டரி 3.82 வோல்ட், 0.329 வாட் அவர். சுமார் 86 மில்லி ஆம்ப் அவர். இன்றைய போன்கள் பலவற்றில் 5000 இருக்கிறது.

கடைக்காரர் தன் பழைய ஐபேடில் பென்சிலைக் குத்திவிட்டு, "அரை மணி ஆகும் சார், டீ சாப்பிட்டு வாங்க" என்று அவரை அனுப்பினார். வந்ததும் ப்ளூடூத் பட்டியலில் பழைய இணைப்பை மறக்கச் செய்து, மறுபடி குத்திப் பார்த்தார். இணைக்கவா என்ற கேள்வி திரையில் வரவேயில்லை. நிப்பைத் திருகி இறுக்கினார். வேறு ஐபேடில் குத்தினார். ஒன்றும் இல்லை.

"எத்தனை மாசம் சார் டிராயர்ல இருந்துச்சு?"

"ஒரு வருஷம் இருக்கும்ங்க."

"அப்ப போயிடுச்சு."

எழுதாமல் வைத்தால் பேட்டரி மிச்சமாகும் என்று அவர் நினைத்திருக்கிறார். நம்மில் பலரும் அப்படித்தான் நினைக்கிறோம். லித்தியம் அயான் பேட்டரி சும்மா கிடந்தாலும் கொஞ்சம் கொஞ்சமாக வடியும். உள்ளிருக்கும் பாதுகாப்புச் சுற்றும் ரேடியோ சிப்பும் துளித்துளியாகக் குடித்துக்கொண்டே இருக்கும். பெரிய பேட்டரியில் இது உறைக்காது. 86 மில்லி ஆம்ப் அவரில் உறைக்கும். 3 வோல்ட்டை ஒட்டி 'காலி' என்று கணக்கு. அதற்குப் பிறகும் மாதக்கணக்கில் கிடந்து வோல்ட் இன்னும் வெகுவாகக் கீழே போனால், நெகட்டிவ் பக்கத்துத் தாமிரத் தகடே கரைய ஆரம்பிக்கிறது. மறுபடி சார்ஜ் ஏற்றும்போது அந்தத் தாமிரம் கண்ட இடத்தில் படிந்து உள்ளுக்குள்ளேயே ஷார்ட் ஆகலாம். அதனால்தான் பாதுகாப்புச் சுற்று இனி ஏற்ற மாட்டேன் என்று கதவை அடைத்துவிடுகிறது. வெளியிலிருந்து வோல்ட் கொடுத்து 'எழுப்பி' விடுகிற வித்தை தெரிந்தவர்கள் இதே தெருவில் உண்டு. இவர் செய்வதில்லை. "எழும்பும் சார். எழும்பி, பையன் கையில இருக்கும்போது சூடானா யாரு பதில் சொல்றது?"

பேட்டரியை மாற்றித் தர முடியாதா என்று பென்சிலைக் கொண்டுவந்தவர் விடாமல் கேட்டார். இந்தப் பென்சிலைத் திறப்பது என்றால் ஒட்டிய பிளாஸ்டிக் குழாயைக் கீறுவதுதான். மூடுவதற்கு வழி கிடையாது. பழுது பார்க்கும் வசதிக்கு ஐஃபிக்ஸிட் கொடுத்த மதிப்பெண் 10க்கு 1. கடைக்காரர் பென்சிலைத் துடைத்து அவரிடமே திருப்பிக் கொடுத்தார். வீட்டுக் குப்பையில் போடாமல் மின்கழிவு வாங்கும் இடத்தில் கொடுக்கச் சொன்னார்.

கூட்டம் குறைந்த நேரத்தில், அப்படியென்றால் எப்படித்தான் வைத்திருப்பது என்று கேட்டேன். பயன்படுத்தாத பேனாவை ஏறக்குறைய பாதி சார்ஜில் வைத்து, மாதம் ஒருமுறை எடுத்து ஏற்ற வேண்டும். மாதச் சம்பள நாளை அடையாளம் வைத்துக்கொள்ளச் சொன்னார். ஐபேடில் முகப்புத் திரையில் பேட்டரி விட்ஜெட்டை வைத்துவிட்டால் பென்சிலின் சதவீதம் கண்ணில் பட்டுக்கொண்டே இருக்கும்; செட்டிங்ஸில் ஆப்பிள் பென்சில் பகுதியிலும் பார்க்கலாம். 2018இல் வந்த இரண்டாம் தலைமுறையும் 2024இல் வந்த ப்ரோவும் ஐபேடின் விளிம்பில் காந்தத்தால் ஒட்டியபடியே சார்ஜ் ஏறுபவை. ஒட்டியதும் சதவீதம் ஒரு கணம் திரையில் தோன்றும். எப்போதும் ஒட்டியே வைத்தால் கெடாதா? "நூறுலயே நிக்கிறது நல்லதில்லதான். ஆனா பூஜ்யத்துல கிடக்கிறதுக்கு அது எவ்வளவோ மேல்." ஐபேடே சார்ஜ் தீர்ந்து கிடந்தால் ஒட்டியும் பயனில்லை.

2023இல் வந்த யு.எஸ்.பி-சி மாடல்தான் ஆளை ஏமாற்றும். அதுவும் அதே விளிம்பில் அழகாக ஒட்டிக்கொள்ளும், ஆனால் அங்கே சார்ஜ் ஏறாது. மூடியை நகர்த்தி கேபிள்தான் மாட்ட வேண்டும். ஒட்டி வைத்துவிட்டு, ஏறிக்கொண்டிருக்கிறது என்று நிம்மதியாக இருப்பவர்கள் வாரந்தோறும் வருகிறார்கள் என்றார்.

வெயிலைப் பற்றி அவர் சொன்னது சென்னைக்காரர்களுக்குத் தேவையானது. ஐபேட் போன்ற கருவிகளைப் பயன்படுத்த ஆப்பிள் சொல்லும் வெப்ப வரம்பு 35 டிகிரி வரைதான். மே மாதத்தில் நம் ஊர் நிழலிலேயே அதைத் தாண்டிவிடுகிறது. காருக்குள் விட்டுப் போன பேனாவின் பேட்டரி ஒரு கோடையிலேயே கிழடாகிவிடும். சார்ஜ் ஏறும்போது துணி, தலையணை மேல் வைப்பதும் வேண்டாம்.

இன்னொருவர் வந்தார், கோடு விட்டு விட்டு விழுகிறது என்று. நிப் தளர்ந்திருந்தது. இறுக்கிக் கொடுத்தார், வந்தவர் போனார். அவ்வளவுதான்.

சர்ஃபேஸ் பேனாவோடு ஒரு கட்டடக் கலைஞர் வந்தபோது மேசை சுவாரசியமாகிவிட்டது. மைக்ரோசாஃப்டின் பழைய சர்ஃபேஸ் பேனாக்கள் பலவற்றில் ஏறும் பேட்டரி இல்லை. ஏஏஏஏ என்று நான்கு ஏ போட்ட ஒல்லிச் செல் ஒன்று, 8.3 மில்லிமீட்டர் தடிமன். ரிமோட்டில் போடும் மூன்று ஏ செல் எல்லா மளிகைக் கடையிலும் கிடைக்கும். நான்கு ஏ எளிதில் கிடைக்காது. கடைக்காரர் டிராயரிலிருந்து தோல் உரித்த 9 வோல்ட் அல்கலைன் பேட்டரி ஒன்றை எடுத்து எனக்குக் காட்டினார். உள்ளே ஆறு ஒல்லிச் செல்கள், ஒவ்வொன்றும் 1.5 வோல்ட். ஏறக்குறைய அதே அளவு, நீளம் மட்டும் கொஞ்சம் குறைவு. எல்லா பிராண்டிலும் இப்படி இருக்காது, சிலவற்றில் தட்டையான அடுக்குகள்தான். அவசரத்துக்கு இதைப் போட்டு ஓட்டலாம். எந்தப் பக்கம் பிளஸ் என்று மல்டிமீட்டரில் பார்க்காமல் போடக் கூடாது. "வீட்டுல இதைச் செய்யாதீங்க, உரிக்கும்போது ஷார்ட் ஆகும்" என்று சொல்லி, கட்டடக் கலைஞருக்கு உண்மையான ஏஏஏஏ செல்லையே கொடுத்தார். மீட்டரில் 1.58 காட்டியது. அவருடைய பழைய செல் 1.14. நீண்ட நாள் எழுதாவிட்டால் செல்லைக் கழற்றி வைக்க வேண்டும். அல்கலைன் செல் கசிந்தால் பேனாவின் உள்முனையை அரித்துவிடும்.

கடைசியாக, "இந்தப் பேனாவுக்கு பேட்டரி மாத்தணும், எவ்வளவு ஆகும்?" என்று ஒரு பெரியவர் சாம்சங் டேப் எஸ்6 லைட்டை நீட்டினார். திரையின் ஒரு மூலையில் மட்டும் எழுத்து விழவில்லையாம்.

"ஐயா, இதுல பேட்டரியே இல்ல."

பெரியவர் நம்பவில்லை. அந்த எஸ் பென் வாகாம் நிறுவனத்தின் மின்காந்த ஒத்ததிர்வு முறையில் ஓடுவது: திரைக்கு அடியிலுள்ள கம்பி வலை மின்காந்தப் புலத்தை அனுப்புகிறது, பேனாவுக்குள் இருக்கும் கம்பிச்சுருள் அதிலிருந்தே ஆற்றலை எடுத்துக்கொண்டு பதில் அனுப்புகிறது. சார்ஜ் தேவைப்படும் எஸ் பென்களும் உண்டு. 2018இல் வந்த நோட் 9இன் பேனாவில் ப்ளூடூத் பொத்தானுக்காக மீமின்தேக்கி ஒன்று வைத்தார்கள், 40 விநாடியில் நிறைந்துவிடும். அது தீர்ந்தாலும் பொத்தான்தான் வேலை செய்யாது, எழுத்து நிற்காது. 2025இல் வந்த எஸ்25 அல்ட்ராவில் அந்த ப்ளூடூத்தையும் எடுத்துவிட்டார்கள்.

அப்படியானால் மூலையில் ஏன் எழுதவில்லை? கடைக்காரர் டேப்லெட்டின் மடக்கு உறையைக் கழற்றினார். பின்பக்கமாக மடக்கி வைத்து எழுதும்போது, உறையின் மூடியிலுள்ள காந்தம் சரியாக அந்த மூலைக்கு அடியில் போய் உட்கார்ந்துகொள்கிறது. உறையில்லாமல் கோடு போட்டார், மூலை வரை ஓடியது. பெரியவர் தானும் ஒரு கோடு போட்டுப் பார்த்தார். தேய்ந்திருந்த நிப்பை மட்டும் இடுக்கியால் பிடுங்கிப் புதியது மாட்டி, அதற்கு மட்டும் காசு வாங்கிக்கொண்டார்.