பால்வண்டி சென்ற வீதி

எடின்பரோ மாநகரைக் காணச் செல்வோர் பாறையுச்சியில் நிற்கும் பழங்கோட்டையைக் கண்டு மகிழ்வர். நாம் அக்கோட்டைக்குத் தென்மேற்கே, யூனியன் கால்வாய் வந்து முடியுமிடத்தை அடுத்துள்ள பவுண்டன்பிரிட்ஜ் வீதிக்குச் செல்வோம். முன்னாளில் இறப்பர்த் தொழிற்சாலையின் நெடியும் மதுவடிசாலையின் மணமும் கலந்து வீசிய தொழிலாளர் வீதி இது.

புகழ்பெற்ற நடிகர் ஷோன் கொனரி 1930 ஓகஸ்ட் 25ஆம் நாள் பிறந்து, இவ்வீதியில் வளர்ந்தார். தந்தையார் தொழிற்சாலையில் உழைத்தார். தாயார் பிறர் வீடுகளைத் துப்புரவு செய்து பொருளீட்டினார். வெந்நீர்க் குழாயோ தனிக் கழிப்பிடமோ இல்லாத சிறுவீடு அவர்களுடையது. இளமையிலேயே பள்ளியை விட்ட கொனரி, குதிரை பூட்டிய வண்டியிற் பால் விநியோகித்தார். நகரின் வடபாலுள்ள, செல்வர் பிள்ளைகள் பயிலும் பெட்டிஸ் கல்லூரிக்கும் அவர் பால் கொண்டுசென்றதுண்டு.

பின்னர் கடற்படையிற் சேர்ந்தார், நோயுற்று விலகினார், சவப்பெட்டிகளுக்கு மெருகு பூசும் தொழிலும் செய்தார். 1953இல் ஓர் இசை நாடகக் குழுவிற் சிறு இடம் கிடைத்தது. அக்குழுவிலிருந்த ரொபர்ட் ஹென்டர்சன் என்னும் நடிகர், படிக்கவேண்டிய நூல்களின் பட்டியலொன்றை அவருக்குக் கொடுத்தார். நாடகம் சென்ற ஊர்தோறும் நூல்நிலையங்களை நாடி, இப்சன் முதலியோரின் ஆக்கங்களைக் கொனரி பயின்றார்.

1957இல் பி.பி.சி. தொலைக்காட்சி நாடகமொன்றிற் குத்துச்சண்டை வீரராக நடித்துக் கவனம் பெற்றார். 1962இல் 'டொக்டர் நோ' திரைப்படத்தில் ஜேம்ஸ் பொண்ட் ஆனார். அப்பாத்திரத்தைப் படைத்த இயன் பிளெமிங், 1964இல் வெளியான நாவலில், பொண்ட் பெட்டிஸ் கல்லூரியிற் கற்றவன் என எழுதினார். அக்கல்லூரிக்குப் பால் சுமந்தவரே அந்நாளில் திரையிற் பொண்டாக உலாவினார்! 1988இல் 'தி அன்ரச்சபிள்ஸ்' படத்துக்காக ஒஸ்கார் விருதும் அவரை வந்தடைந்தது.

அவர் வளர்ந்த மனை இன்று இல்லை. அது இருந்த இடத்தை ஒரு நினைவுப் பலகை சுட்டுகின்றது. ஆயினும் 1971இல் வெளிவந்த பொண்ட் படத்திற் பெற்ற ஊதியத்தைக் கொண்டு, ஸ்கொட்லாந்து இளைஞரின் கல்விக்கும் கலைக்கும் உதவும் நிதியமொன்றை அவர் நிலைநாட்டினார். 1991இல் எடின்பரோ நகரம் தன் உயரிய கௌரவத்தை அவருக்கு அளித்தது.

2020இல் தொண்ணூறாவது வயதில் அவர் மறைந்தார். தமக்குக் கிட்டிய முதற்பெரும் வாய்ப்பு, ஐந்து வயதில் எழுத்துக்கூட்டி வாசிக்கக் கற்றதே என்று 2006இல் விருதுமேடையொன்றில் அவர் கூறினார். பள்ளியைப் பாதியில் விட்டவர் படிப்பைப் பாதியில் விடவில்லை. மாணவர் நினைவிற்கொள்ள இவ்வீதி தரும் செய்தி அதுவே.