நம் வீட்டுத் தேன்கொடி

மனிதரைப் பெயர்கண்டு மயங்குவது போலவே மலரையும் பெயர்கண்டு மயங்குவதுண்டு. அவ்வாறு அரை நூற்றாண்டுக் காலம் மயங்கியிருந்த ஓர் இல்லத்தின் செய்தியை ஈண்டு எழுதப் புகுகின்றோம். அவ்வில்லம் நம்முடையதே ஆகலின், பிறரைக் குறைகூறும் சங்கடம் நமக்கில்லை.

ஸ்ரீவில்லிபுத்தூருக்கு வடக்கே, வத்திராயிருப்புப் பக்கத்தில், மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தை அடுத்திருக்கின்றது கான்சாபுரம். 1764ஆம் ஆண்டில் மதுரையில் தூக்கிலிடப்பட்ட கான்சாகிபு யூசுப்கானின் பெயரே தேய்ந்து இவ்வூர்ப் பெயராயிற்று என்பர். அவருடைய இளமைப் பெயர் மருதநாயகம் என்றும் சொல்வர். ஒருவரே பல பெயர்களைத் தாங்கியது வரலாறு. ஒரே பெயரைப் பல செடிகள் தாங்கியதுதான் நம் கதை.

நம் தந்தையார் குன்னூரில் ஒரு மளிகைக் கடையில் கணக்கெழுதி வந்தார். 1971ஆம் ஆண்டு வேலையை விட்டு ஊர் திரும்பியபோது, ஈரச் சாக்கில் சுற்றிய நான்கு குச்சிகளைப் பெட்டியினும் பத்திரமாகக் கொண்டு வந்தார். "இது ஹனிசக்கிள், வெள்ளைக்காரன் பங்களா வேலியில் இருந்தது" என்றார். நான்கில் ஒன்று பிழைத்தது. கொல்லைப்புறச் சுவரில் சாய்ந்து, மூன்றாம் ஆண்டில் காவி கலந்த செம்மஞ்சள் நிறத்தில் கொத்துக் கொத்தாகப் பூத்தது. அத்தா ஒரு பூவைப் பறித்து, அதன் குழலடியைக் கிள்ளி, உள்ளிருந்த ஒரு துளித் தேனை நம் நாவில் வைத்தார். அன்று முதல் அது நம் வீட்டில் தேன்கொடி ஆயிற்று. அத்தா மறைந்த பிறகு நம் மக்களுக்கும், பின்னர்ப் பேரப்பிள்ளைகளுக்கும் அவ்வாறே தேன்துளியைக் காட்டினோம். அதனை ஒரு சீதனமாகவே கருதினோம்.

சென்ற ஆண்டு விடுமுறையில் சென்னையிலிருந்து வந்த ஆறு வயதுப் பேத்தியை மாலையில் கண்மாய்க் கரைப் பக்கம் அழைத்துச் சென்றோம். ஒரு தோப்பின் வேலியோரம் செம்மஞ்சள் நிறப் பூக்கள் உதிர்ந்து கிடந்தன. "நன்னா, இங்கேயும் நம் தேன்பூ இருக்கிறது!" என்று கூவிக்கொண்டே குழந்தை ஒன்றைக் கிளையிலிருந்து பறித்து உதட்டருகே கொண்டு போயிற்று. அங்கே ஆடு மேய்த்துக்கொண்டிருந்த மூதாட்டி பாய்ந்து வந்து அதைத் தட்டிவிட்டார். "வாயிலே வைக்காதே தாயி! அரளி அது!" என்றவர், நம்மைத் திரும்பிப் பார்த்து, "என்ன ராவுத்தரய்யா, நீங்களே பக்கத்திலே நின்னுக்கிட்டு!" என்றார்.

அது பொன்னரளி. மஞ்சட் பூவே அதில் மிகுதி. செம்மஞ்சட் பூப்பதும் உண்டு. குழந்தையின் விரல்களில் வெண்பால் ஒட்டியிருந்தது. கண்மாய் நீரில் கழுவி, வீட்டுக்கு வந்து சோப்பிட்டும் கழுவினோம். இறைவன் அருளால் தீங்கொன்றும் இல்லை. பொன்னரளியின் எல்லாப் பாகமும் நஞ்சு. விதை மிகக் கொடிது. இதயத் துடிப்பையே குலைத்துவிடும். அவ்விரவு நமக்கு உறக்கம் வரவில்லை. பூவில் தேனுண்டு என்று அக்குழந்தைக்குக் கற்பித்தவர் வேறு யாருமல்லர், நாமே. அடுத்த பூவும் அவ்வாறுதானா என்று பார்க்கக் கற்பிக்கவில்லை. நம் வீட்டுக் கொடி உண்மையில் எது என்பதும் நமக்கே தெரியாது என்பதை அன்றுதான் உணர்ந்தோம்.

தாவரவியல் பயிற்றும் நண்பர் ஒருவரிடம் பூங்கொத்தைக் கொண்டு சென்றோம். அவர் பூவை ஒதுக்கிவிட்டு, "நிறத்தைக் கேட்டால் அது பத்துப் பெயர் சொல்லும், இலையைக் காட்டுங்கள்" என்றார். இலையைக் கண்டதும் சிரித்தார். "இது ஹனிசக்கிள் அன்று, கேப் ஹனிசக்கிள்" என்றார்.

இரண்டுக்கும் உறவே இல்லை என்பதைப் பிறகு அறிந்தோம். மெய்யான ஹனிசக்கிள் லொனிசெரா என்னும் இனத்தைச் சேர்ந்தது. ஆடம் லொனிட்சர் என்னும் பதினாறாம் நூற்றாண்டு ஜெர்மானியத் தாவர அறிஞரின் நினைவாக லின்னேயஸ் இட்ட பெயர் அது. அதன் இலை பிளவுபடாத தனியிலை. கணுவுக்கு இரண்டாக எதிரெதிரே நிற்கும். காய் சதைப்பற்றுள்ள சிறு கனி. அதுவும் பெரும்பாலும் உண்ணத் தக்கதன்று. நீலகிரி, பழனி மலைச் சோலைகளில் வளரும் லொனிசெரா லெசனால்டியை வெளிறிய நிறத்தில் மலர்ந்து மஞ்சளாக மாறும், செம்மஞ்சள் அன்று. செம்மஞ்சள் ஹனிசக்கிள்களுள் பெயர்பெற்றவை வட அமெரிக்காவின் லொனிசெரா சிலியோசாவும், செம்மையும் செம்மஞ்சளுமாகப் பூக்கும் லொனிசெரா செம்பர்வைரென்சும் ஆகும். இவ்விரண்டிலும் பூங்கொத்துக்குக் கீழே உள்ள இலையிணை ஒன்றாக ஒட்டிக்கொண்டு, தண்டு நடுவே துளைத்துச் செல்லும் தட்டுப் போலத் தோன்றும். அத்தட்டைக் கண்டால் ஐயமே வேண்டா.

நம் வீட்டுக் கொடியோ தென்னாப்பிரிக்காவிலிருந்து வந்த டெக்கோமா கேப்பென்சிஸ். நன்னம்பிக்கை முனையின் பெயரே அதில் 'கேப்' என நிற்கின்றது. ஐந்து முதல் ஒன்பது வரையிலான, விளிம்பில் பல்லுள்ள சிற்றிலைகள் சேர்ந்து ஓரிலையாகும். பூ வளைந்த குழல்; அதிலிருந்து நான்கு மகரந்தத் தாள்கள் வெளியே நீண்டிருக்கும். காய் நீண்டு வெடிக்கும், விதைக்குச் சிறகுண்டு. பற்றுக்கம்பி இல்லாமையால் தானாக ஏறாது, சாய்ந்தே எழும். உண்மையில் அது கொடியாகப் பழகிய புதர்.

இதனோடு மயங்கத் தக்கவை இன்னும் சில உண்டு. மார்கழி, தை மாதங்களில் மாடிச் சுவர் முழுவதையும் செம்மஞ்சளாக மூடுவது பிரேசில் நாட்டுப் பைரோஸ்டீஜியா. இரண்டு சிற்றிலைகளின் நடுவே பற்றுக்கம்பி இருப்பதே அதன் அடையாளம். பூங்காக்களில் காணும் ஹேமீலியா, புதர்; கணுவுக்கு மூன்று இலையாகச் சுற்றி நிற்கும். நம் பெண்டிர் சூடும் கனகாம்பரமும் செம்மஞ்சட் புதரே. வேலியில் ஏறும் செங்காந்தளுக்கு இலை நுனியே பற்றுக்கம்பியாகச் சுருளும். அது தமிழ்நாட்டின் மாநில மலர் எனினும் கிழங்கு முதல் விதை வரை கொடிய நஞ்சு. பொன்னரளிக்கு இலை ஒடுங்கி நீண்டிருக்கும். கணுவுக்கு ஒன்றாக மாறி மாறி நிற்கும். கிள்ளினால் பால் வடியும். நிறம் ஒன்றாயினும் இலை ஒவ்வொன்றையும் காட்டிக்கொடுத்துவிடுகின்றது. குழந்தை எதையேனும் விழுங்கிவிட்டால், வீட்டு வைத்தியத்தில் நேரம் போக்காமல், அச்செடியின் கிளையொன்றையும் கையோடு எடுத்துக்கொண்டு மருத்துவமனைக்கு விரைய வேண்டும்.

இனி, வளர்க்க விரும்புவோர்க்குச் சில சொற்கள். செம்மஞ்சள் லொனிசெராக்கள் குளிர்நாட்டார். உதகை, கொடைக்கானல் போன்ற மலையூர்த் தோட்டங்களுக்கு ஏற்றவை. நம் சமவெளி வெயிலில் அவற்றை நட்டு ஏமாறுவதினும் கேப் ஹனிசக்கிளை நடுவது நன்று. பென்சில் பருமனுள்ள முற்றிய குச்சியை மூன்று நான்கு கணுக்களோடு வெட்டி, அடியிலைகளை நீக்கி, மணல் கலந்த மண்ணில் இரண்டு கணு புதையுமாறு ஊன்ற வேண்டும். நிழலில் வைத்து ஈரம் காத்தால் சில வாரங்களில் வேர்விடும். தாழ்ந்த கிளையை மண்ணில் பதித்து அதன்மேல் ஒரு கல்லை வைத்தாலும் வேர்பிடிக்கும்.

நடுமிடத்தில் நல்ல வெயில் வேண்டும். நிழலில் இலை தழைக்குமே தவிரப் பூ குறையும். ஐப்பசி, கார்த்திகை மழையில் அடியில் நீர் தேங்க விடலாகாது. வேரூன்றிய பின் வறட்சியைத் தாங்கும். எருவை அளவோடு இடுதல் நன்று. மிகுந்தால் தழைதான் கொழிக்கும். புதுத் தளிரின் நுனியிலேயே பூப்பதால், ஒரு பூப்பு முடிந்ததும் தயங்காமல் வெட்ட வேண்டும். ஆண்டுதோறும் வெட்டினால் அடர்ந்த வேலியாகும். மூங்கில் பந்தலில் கட்டிவிட்டால் கொடியாகும். இரண்டுக்கும் தேன்சிட்டுகள் தவறாமல் வரும். கிளை படிந்த இடத்திலெல்லாம் வேர்விடுவதால், அண்டை வீட்டார் நிலத்திற்குள் புகாமல் பார்த்துக்கொள்வது நம் பொறுப்பு.

நண்பரிடமிருந்து திரும்பிய அன்று, அம்மாவிடம் இதைச் சொல்லத் தயங்கினோம். எண்பத்தாறு வயதான அவர்கள், கொடிக்கு அருகே கட்டிலிட்டுத்தான் மாலையில் அமர்வார்கள். மறைந்துபோன அத்தாவின் சொல்லில் பிழை கண்டு வந்து நிற்பது முறைதானா என்று மனம் கூசிற்று. ஆனால், குழந்தையின் விரலில் கண்ட வெண்பால் நினைவுக்கு வந்தது. சொல்லிவிட்டோம். அம்மா சற்று நேரம் பேசவில்லை. பிறகு, "அவர் பொய் சொல்லவில்லையே அத்தா. குன்னூரிலிருந்து கொடியைக் கொண்டுவந்தார், பேரில் பாதி வழியில் விழுந்துபோச்சு" என்றார்கள். நம்மை 'அத்தா' என்று விளிப்பது அன்பு மிகும்போது மட்டுமே.

வீட்டில் அதற்குத் தேன்கொடி என்ற பெயர் இன்றும் இருக்கின்றது. ஆனால் ஒரு விதியைச் சேர்த்துக்கொண்டோம்: வீட்டுப் பெரியவர் இலையைப் பார்த்துச் சொல்லாமல் எந்தப் பூவும் வாய்க்குப் போகலாகாது. பேத்தி இந்த ஆண்டும் வந்தாள். பெட்டியை வைத்ததும் கொல்லைப்புறம் ஓடினாள். பூவைத் தொடவில்லை. தாழ்ந்த கிளையொன்றை இழுத்து, ஓர் இலையை விரித்து, விரல் வைத்து எண்ணினாள்.

"ஏழு இருக்கு நன்னா. விளிம்பிலே பல்லும் இருக்கு. இது நம்முடையதுதான்."

அதன் பிறகே ஒரு பூவைப் பறித்து அவள் கையில் கொடுத்தோம்.