எட்டாம் நாள் வெளுக்கும் மலை

"மழை பேஞ்ச எட்டாம் நாள் மலை வெளுத்துரும்."

எங்கள் அம்மாயி வீட்டில் கஷ்டம் வந்தபோதெல்லாம் இதைச் சொல்வார். மாமாவுக்கு வேலை போனபோது சொன்னார். சாதாரண தரப் பரீட்சையில் எனக்குக் கணக்கு தவறியபோது தலையைத் தடவிக்கொண்டே சொன்னார். பங்குனி மாதத்தில் மட்டும் எந்தக் கவலையும் இல்லாமல், லயத்து வாசலில் நின்று வானத்தைப் பார்த்தபடி, தனக்குத்தானே சொல்லிக்கொள்வார்.

மாமா அதற்கு ஒரு பொருள் வைத்திருந்தார். கிழக்கு வெளுக்கும் என்கிறோமே, அதுதான் இது. இருட்டு போய் விடியும் என்று அர்த்தம். குடும்பம் முழுக்க அதை ஒப்புக்கொண்டது. எனக்கு மட்டும் அது தொண்டையில் மீன் முள்ளாக நின்றது. விடிவதற்கு எட்டு நாள் எதற்கு? மழை எதற்கு? கேட்டிருக்க வேண்டியவரை 2009இல் மகாவலி ஓரத்தில் எரித்துவிட்டு வந்த பிறகுதான் இந்தக் கேள்விகளே வந்தன.

முதலில் பருவங்களைப் போட்டுப் பார்த்தேன். சித்திரை, வைகாசி இளவேனில். ஆனி, ஆடி முதுவேனில் என்று பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்தோம். செய்துவிட்டு, அதே ஆனி ஆடியில் தென்மேற்குப் பருவ மழையில் ஊறிய சப்பாத்தோடு கண்டித் தெருக்களில் வீட்டுக்கு நடந்தோம். இங்கே புதுப்பிறப்பு வரும் விதம் வேறு. மாசியில் புல் காய்கிறது, பீலிகளில் தண்ணீர் நூலாக மெலிகிறது. பங்குனி கடைசியில் பின்னேரங்களில் இடி கேட்கத் தொடங்கும். ஏப்ரல் 5 முதல் 15 வரை சூரியன் இலங்கையின் நேர் உச்சியைக் கடந்து போகிறது. அந்தச் சூட்டில் எழும் மேகம் மலையில் மோதி மாலையில் கொட்டுகிறது. சிங்கள அயலவர்களுக்கு எரபது மரம் சிவந்து, கோஹா குயில் கூவிவிட்டால் புத்தாண்டு வந்தாயிற்று. எரபது சிவப்பு. பேராதனைப் பல்கலைக்கழகப் பாதையில் கொட்டிக் கிடக்கும் ரொபரோசியா இளஞ்சிவப்பு. வெள்ளை எங்கே?

ஹந்தானவுக்குப் போனேன். 1925இல் கட்டிய தேயிலைத் தொழிற்சாலை இப்போது அருங்காட்சியகம். உருளைகள், உலர்த்திகள், லூல்கந்துரவில் 1867இல் 19 ஏக்கரில் தேயிலை நட்ட ஜேம்ஸ் டெய்லரின் நினைவுப் பொருட்கள். அங்கே எல்லாமே டெய்லரிலிருந்து தொடங்குகிறது. நானும் அங்கிருந்தே தொடங்கினேன். தேயிலைப் பூ வெள்ளை என்பதால் ஒரு மாதம் அதன் பின்னால் அலைந்தேன். ஆனால் கொழுந்து பறிக்கிற செடியைப் பூக்க விடுவார்களா?

அப்புறம்தான் கலஹாவுக்கு மேலே ஓய்வில் இருக்கும் ஒரு கணக்கப்பிள்ளையிடம் போய்ச் சேர்ந்தேன். எண்பதைத் தாண்டியவர். நாற்பது வருடம் செக்ரோல் என்ற வரவுப் பதிவேடு எழுதிய கை. நான் வாக்கியத்தைச் சொல்லி முடிப்பதற்குள் பதில் வந்துவிட்டது.

"டொலமைட், தம்பி. கவ்வாத்து வெட்டுறதுக்கு முன்ன மண்ணுக்கு டொலமைட் போடுவோம். மலையே மாவு கொட்டின மாதிரி வெளுத்துரும்."

அழகான விடைதான். கவ்வாத்து என்றால் செடிக்கு மறுபிறவி. முழங்கால் உயரத்தில் வெட்டி, குச்சி குச்சியாக நிற்கும் செடி, இரண்டு மூன்று மாதத்தில் தளிர் விட்டு மறுபடி பந்தலாகும். அம்மாயி ஆறுதலாகச் சொன்ன வார்த்தைக்கு இதைவிடப் பொருத்தம் வேறென்ன வேண்டும்? அன்றைக்குக் கடைசி பஸ்ஸில் வரும்போது தேடல் முடிந்துவிட்டது என்றே நம்பினேன்.

இரவில் தூக்கம் வரவில்லை. கவ்வாத்து ஒரு மலைக்கு மூன்று நான்கு வருடத்துக்கு ஒரு முறை. அம்மாயியின் வாய்க்கு அது வருடா வருடம் வந்தது. வெயில் காயும் பங்குனியில் கவ்வாத்து வெட்டினால் செடி கருகிவிடும். அடுத்த வாரம் திரும்பப் போய் இதைச் சொன்னேன்.

"வெயில்ல வெட்டமாட்டோம், சரி. ஆனா டொலமைட்தான்."

மூன்றாவது முறை போனபோது பனிமூட்டமாக இருக்கலாமா என்று கேட்டேன். அன்றைக்கு அவருக்குக் கோபமே வந்துவிட்டது.

"மலைன்னா என்னன்னு நெனச்சீங்க தம்பி? அந்தா ஒசக்க நிக்குதே, அதையா? அது சும்மா கல்லு. ஆளு எறங்கி வேல செய்யிற எடந்தான் மலை. ஏழாம் நம்பர் மலை, எட்டாம் நம்பர் மலை. உங்க அம்மாயி மலைக்குப் போனாங்கன்னா செகரத்துக்கா போனாங்க?"

வாயடைத்துப் போனேன். தோட்டத்தில் பிறந்த எனக்கே டவுன் வாழ்க்கையில் அந்தச் சொல் நழுவியிருந்தது. வெளுத்தது சிகரம் இல்லை, அடிவானமும் இல்லை. வேலைக்காடு. பயிர் நின்ற நிலம்.

அந்த யோசனையில் இருந்தபோது அவர் மனைவி கோப்பி கொண்டுவந்தார். கடைத்தூள் வாசமே இல்லை. எங்கே வாங்குகிறீர்கள் என்று கேட்டேன்.

"வாங்குறதா? பின்னால நாலு செடி நிக்குது. மாமியார் வச்சது. மழை பேஞ்சா எட்டு நாள்ல பூத்துரும். ரெண்டு நாள்தான் நிக்கும், அப்புறம் கொட்டிரும். வீடெல்லாம் மல்லிக வாசம்."

கோப்பையைக் கீழே வைத்துவிட்டேன்.

கோப்பி மொட்டு வறட்சியில் உறங்கிக் கிடக்கும். முதல் நல்ல மழை அதை எழுப்பும். ஒரு கிழமை கழித்து, எல்லாச் செடியும் ஒரே விடியலில், கிளை தெரியாமல் வெள்ளையாகப் பூக்கும். டெய்லருக்கு முன்பும் அவர் காலத்திலும் இந்தச் சரிவுகளில் நின்றது அதுதான். 1870களின் கடைசியில் இலங்கையில் கோப்பி ஏறக்குறைய 2,75,000 ஏக்கர். 1869இல் இலையின் அடியில் செம்மஞ்சள் தூளாக ஒரு நோய் தெரிந்தது. பேராதனைப் பூங்காவின் பணிப்பாளர் த்வெய்ட்ஸ் இங்கிலாந்துக்கு அனுப்பிய இலைகளைப் பார்த்து, பெர்க்லி என்ற பூஞ்சை ஆய்வாளர் அதற்குப் பெயர் வைத்தார். இருபது வருடத்துக்குள் அந்த வெள்ளை மலைகள் போய்விட்டன.

அம்மாயி 1928இல் பிறந்தவர். இந்த வாக்கியம் அவருடைய பாட்டி வாயிலிருந்து வந்திருந்தால், அந்தப் பாட்டி 1870களில் பிறந்த குழந்தையாக இருக்கலாம். கடைசிக் கோப்பி மலைகளைப் பாவாடை கட்டிய வயதில் பார்த்தவர்.

எங்கள் குடும்பக் கதை வேறு சொல்கிறது. துறையூர்ப் பக்கமிருந்து தேயிலைக்கு வந்த ஆட்கள் நாம் என்று. கோப்பிக் காலத்தில் ஆட்கள் பெரும்பாலும் பழம் பறிக்கத்தான் வந்தார்கள். ஆவணி வாக்கில் வந்து, அறுவடை முடிந்ததும் மன்னார் வழியாக ஊருக்கு நடந்தார்கள். பங்குனிப் பூவை அவர்கள் பார்த்திருக்க முடியாது. பார்த்தவர்கள் போகாமல் தங்கியவர்கள், களை வெட்டவும் வடிகால் வெட்டவும் இங்கேயே இருந்துவிட்டவர்கள். எட்டு நாள் எண்ணத் தெரிந்த ஒருத்தி அந்தக் கூட்டத்தில் இருந்திருக்கிறாள். நாட்டுக் கோப்பி நின்ற சிங்களத் தோட்டத்திலும் அவள் இதைக் கற்றிருக்கலாம் என்று எனக்கே ஒரு மறுப்பு தோன்றுகிறது. ஆனால் வீட்டுத் தோட்டத்தில் நிற்பது செடி. மலை என்று யாரும் சொல்ல மாட்டார்கள்.

இந்த வருடம் பங்குனி இருபதாம் தேதி பின்னேரம் கலஹாவில் கொட்டித் தீர்த்தது. அந்த அம்மா போன் பண்ணிச் சொன்னார். எண்ணினேன். எட்டாம் நாள் விடிய முதல் பஸ் ஏறினேன்.

நாலு செடியும் நுனி வரை வெள்ளை. தேனீக்களின் இரைச்சல் வீட்டுக்குள் வரை கேட்டது. என் அம்மாவுக்குப் போனில் காட்டியபோது அவர் பேசவே இல்லை. திரையை முகத்துக்கு நெருக்கி வைத்துக்கொண்டு பார்த்தார்.

கணக்கப்பிள்ளை ஐயா தடியை ஊன்றிப் பின்னால் வந்து நின்றார்.

"கோப்பி எத்தன அடிக்கு நட்டாங்களாம்?"

"ஆறடிக்கு ஆறடி நடுற வழக்கம் இருந்திருக்கு ஐயா."

உதடு அசைந்தது. "ஏக்கருக்கு ஆயிரத்து இருநூத்திப் பத்து செடி." எதிர்ப்பக்கத்துத் தேயிலைச் சரிவைத் தடியால் காட்டினார். "அது பன்னெண்டு ஏக்கர். நான் செக்ரோல் போட்ட மலை."

மறுபடி கணக்குப் போட்டார். பதினாலாயிரத்து ஐந்நூற்று இருபது என்று சொல்லிவிட்டு, செடியைப் பார்த்தார், சரிவைப் பார்த்தார்.

"அப்ப வெளுத்துத்தான் இருந்திருக்கும், தம்பி."