தோளில் ஒரு பொய்

அரசு மருத்துவக் கல்லூரி ஒன்றின் உடற்கூறியல் துறைக்குப் பின்னால் ஒரு தகரக் கொட்டகை. மர மேசை, சின்ன டிரில், குறடு, கம்பிச் சுருள். மேசைமேல் ஒரே மனிதருடைய எலும்புகள். எலும்புக்கூடு கோர்க்கும் உதவியாளர், வேலை தொடங்கும் நாளாகப் பார்த்து என்னை வரச் சொல்லியிருந்தார்.

"இது எந்தப் பக்கம்னு சொல்லுங்க சார்" என்று காறை எலும்பு ஒன்றைக் கையில் தந்தார். முதலாண்டுப் பிள்ளைகளை வைவாவில் திணறடிக்கும் கேள்வி. இடது என்றேன். சிரித்தார்.

"பருத்த முனை நெஞ்சுக்கு. தட்டை முனை தோளுக்கு. வாய்க்கால் மாதிரி பள்ளம் ஓடுதே, அது அடிப்பக்கம். நெஞ்சுப் பக்கத்து வளைவு முன்னால புடைச்சு நிக்கணும். இப்ப உங்க மேல வச்சுப் பாருங்க."

வைத்துப் பார்த்தேன். வலது.

பாடம் முடிந்த உடலில் சதையை நீக்கி, மிச்சத்தைத் தொட்டித் தண்ணீரில் வாரக்கணக்கில் ஊறப் போடுகிறார்கள். கிருமிகள் தின்று தீர்க்கும். நாற்றம் பழகிவிட்டது என்கிறார், வீட்டுக்காரிக்குத்தான் பழகவில்லையாம். பிறகு சோப்புத் தண்ணீரில் கொழுப்பு நீக்கி, பெராக்சைடில் வெளுத்து, நிழலில் உலர்த்துகிறார். வெயிலில் போட்டால் வெடிக்கும். பெராக்சைடில் கூடுதலாகக் கிடந்தால் சுண்ணாம்பாக உதிரும்.

கைகளையும் பாதங்களையும் மட்டும் ஊறப் போடும்போதே தனித்தனி வலைப் பைகளில் கட்டிவிடுகிறார். கைக்கு 27, பாதத்துக்கு 26. உடம்பின் 206 எலும்புகளில் 106 அந்த நான்கு பைகளுக்குள் அடங்கிவிடும். பை மாறினால் மணிக்கட்டின் பட்டாணி எலும்புக்கு வலது இடது பார்ப்பதற்குள் அரை நாள் போய்விடும்.

எலும்பு தப்பிக்கிறது, மூட்டுதான் தொட்டியிலேயே கரைந்துபோகிறது. இணைத்த நார், நடுவிலிருந்த குருத்து எதுவும் மிஞ்சுவதில்லை. அவற்றையெல்லாம் இவர்தான் திருப்பித் தரவேண்டும். தாடைக்கு ஸ்பிரிங், முழங்காலுக்குக் கம்பி. முதுகெலும்புக்கு நடுவே ஒரு கம்பியைச் செலுத்தி, ஒவ்வொரு கண்ணிக்கும் இடையில் ரப்பர் வில்லை வைக்கிறார். முதுகுத்தண்டின் உயரத்தில் கிட்டத்தட்ட கால் பங்கு கண்ணிகளுக்கு நடுவே இருந்த குருத்துத் தட்டுகளுடையது. வில்லையை மறந்தால் ஆள் குள்ளமாகிவிடுவார்.

1985இல் அரசு தடை போடும்வரை கல்கத்தாவிலிருந்து எலும்புக்கூடுகள் வெளிநாடுகளுக்குக் கப்பலேறின. அவற்றையும் இப்படி யாரோ கம்பியால்தான் கோர்த்திருப்பார்கள்.

மாலையில் தோள்பட்டை எலும்புக்கு வந்தார். அதில் துளையிட்டு, கம்பியை விட்டு, விலா எலும்போடு சேர்த்து முறுக்கினார்.

"இந்த ஒரு இடத்துல மட்டும் பொய் சொல்றேன் சார். நமக்கு ஸ்கேப்புலா விலாவோட சேரவே இல்ல. சதையில மிதக்குது. காறை எலும்பு ஒண்ணுதான் அதை நெஞ்செலும்போட பிடிச்சு வச்சிருக்கு. அதனாலதான் கையைத் தலைக்கு மேல தூக்க முடியுது. சதை போனப்புறம் மிதக்க விட்டா, கையோட கீழ விழுந்துரும்."

அருகில் கடையில் வாங்கிய பிளாஸ்டிக் எலும்புக்கூடு நின்றது. அதன் முதுகுப் பக்கம் போய்ப் பார்த்தேன். அங்கேயும் அதே இடத்தில் கம்பி.

"போன வருஷம் ஒரு பையன், இந்த மூட்டுக்கு என்ன பேருன்னு கேட்டான்" என்றார் குறட்டைத் துடைத்தபடி. "கம்பின்னு சொன்னேன். நோட்டுல எழுதிக்கிட்டான்."