தானாக விரியும் பக்கம்

திருவல்லிக்கேணியில் மேன்ஷன்கள் நெருக்கியடித்து நிற்கும் தெரு ஒன்றில், ஒரு மெஸ்ஸுக்கும் ஜெராக்ஸ் கடைக்கும் மேலே, மாடியில் இருக்கிறது அந்தக் கிளை நூலகம். மெய்ப்புத் திருத்தும் வேலையோடு நான் அங்கே போய் உட்காருவது வழக்கம். மூன்று மணிக்கு மெஸ்ஸில் பாத்திரம் கழுவும் சத்தம் மாடிவரை கேட்கும். அதன்பிறகு தெருவே கொஞ்சம் கண்ணயரும்.

என் நாற்காலிக்கு நேர் எதிரே 796 என்று எண் ஒட்டிய அலமாரி. நூலகக் கணக்கில் அது விளையாட்டுக்கு உரிய எண். மேல்தட்டில் விதிமுறைப் புத்தகங்களும் செஸ் புத்தகங்களும். தூசிதான் அவற்றின் வாசகர். கண் மட்டத்தில் இருக்கும் நடுத்தட்டில் வீரர்களின் வாழ்க்கைக் கதைகள். பெரும்பாலும் ஆங்கிலம். அந்தத் தட்டின் முன்னால் வந்து நிற்பவர்களை இரண்டு கோடைக்காலமாகப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். யாரிடமும் ஒரு வார்த்தை பேசியதில்லை.

பலர் கைபட்ட புத்தகத்தை மேசைமேல் முதுகு படும்படி நிமிர்த்தி வைத்து இரண்டு கையையும் எடுத்துவிட்டால், அது தானாக ஒரு பக்கத்தில் விரியும். அதிகம் பேர் அதிக நேரம் நின்ற பக்கம் அதுவாகத்தான் இருக்கும். யுவராஜ் சிங்கின் சுயசரிதையை ஒருநாள் அப்படி வைத்துப் பார்த்தேன். 2013-இல் வந்த புத்தகம். உலகக் கோப்பையில் விரியும் என்று நினைத்தேன். அமெரிக்க ஆஸ்பத்திரியில் விரிந்தது. அந்தப் பக்கங்களின் ஓரம் மட்டும் விரல் அழுக்கேறிப் பழுப்பாக இருந்தது. சிக்ஸர் அடித்த பக்கங்கள் இன்னும் வெள்ளை.

சேப்பாக்கம் மைதானம் இங்கிருந்து நடந்து போகிற தூரம். 2011 மார்ச் 20, வெஸ்ட் இண்டீசுடன் ஆட்டம். யுவராஜ் அன்று 113 ரன் எடுத்தார். நடுவில் மட்டையை ஊன்றிக் குனிந்து மைதானத்திலேயே வாந்தி எடுத்தார். வெயில் என்றுதான் ஊரே சொன்னது. சென்னையின் பங்குனி வெயிலைப் பற்றி அப்படிச் சொன்னால் யார் மறுப்பார்கள்? அந்த உலகக் கோப்பையில் 362 ரன், 15 விக்கெட், தொடர் நாயகன் விருது. கோப்பையை வென்ற இரவில் மும்பையில் அவர் அழுததை நாடே பார்த்தது. நெஞ்சுக்குள், இரண்டு நுரையீரலுக்கும் நடுவே கட்டி வளர்ந்துகொண்டிருந்ததை யாரும் பார்க்கவில்லை. தூக்கமில்லை, இருமல், இருமினால் ரத்தம். அத்தனையையும் விழுங்கிக்கொண்டு ஆடியிருக்கிறார். உடம்பு முடியவில்லை என்று சொல்வதைவிட ரத்தம் துப்பிவிட்டு ஆடப் போவது சுலபமாக இருந்திருக்கிறது. நம் வீட்டு ஆண்களைப் பார்த்து வளர்ந்த யாருக்கும் இது புதிதல்ல. என் அப்பா வலிக்கிறது என்று சொல்லி நான் கேட்டதே இல்லை. நாற்காலியிலிருந்து எழும்போது அவர் பிடிக்கும் கைப்பிடியை வைத்து நாங்களாகத் தெரிந்துகொண்டோம்.

இந்தப் புத்தகத்தைத்தான் இரண்டு பேர் சேர்ந்து படித்தார்கள்.

இருவரும் பக்கத்து மேன்ஷனில் ஒரே அறை. தென்கோடிப் பேச்சு. ஒருவன் கண்ணாடி போட்டவன், குரூப் தேர்வுக்குப் படிக்கிறவன். காலையிலிருந்து மூலை மேசையில் இருப்பான். மற்றவன் சாப்பாடு டெலிவரி செய்கிறவன், எப்போதும் சிவப்புச் சட்டை. மதிய ஆர்டர் ஓய்ந்து ராத்திரி ஆர்டர் தொடங்கும் வரை அவனுக்கு இரண்டு மணி நேரம் கிடைக்கும். முதுகில் மாட்டும் பெரிய சதுரப் பையை வாசலில் செருப்புக்குப் பக்கத்தில் இறக்கிவிட்டு, உள்ளே வந்து ஃபேனுக்குக் கீழே உட்காருவான். சட்டை முதுகில் பை இருந்த இடம் மட்டும் நனைந்து கருஞ்சிவப்பாக இருக்கும்.

அவனுக்கு ஆங்கிலம் படிக்க வராது. கண்ணாடிக்காரன் ஒரு வரியை உதட்டுக்குள் படித்துக்கொள்வான். பிறகு தங்கள் ஊர்த் தமிழில் சொல்வான். பக்கத்து மேசைக்குக் கேட்காத குரல்தான். மெய்ப்புத் திருத்திப் பழகிய காது எனக்கு, கேட்டுவிட்டது. “சத்தம் போடாதீங்க” என்று எல்லோரையும் அதட்டும் நூலகர் அம்மா, அவர்களை மட்டும் ஒருநாளும் அதட்டியதில்லை.

“அவன் அப்பா இருக்காருல்லா, அவரும் கிரிக்கெட் பிளேயர்தான் மாப்ள. இந்தியாவுக்கு ஒரு டெஸ்ட் ஆடிருக்காரு. இவன் சின்னதுல ஸ்கேட்டிங்ல மெடல் வாங்கிட்டு வந்தா, அதைத் தூக்கி வெளிய எறிஞ்சுட்டாரு. இனிமே கிரிக்கெட் மட்டுந்தான்னுட்டாரு.”

சிவப்புச் சட்டைக்காரன் கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. மேசையில் இருந்த பழைய மைக்கறையை நகத்தால் சுரண்டினான்.

“எங்கப்பா என் வாலிபால் ஷூவை வித்துட்டாரு. எரநூறு ரூவாய்க்கு.”

கண்ணாடிக்காரன் தலையைத் தூக்கவில்லை. ஏன், எப்போது என்று கேட்கவும் இல்லை. புத்தகத்தை இருவருக்கும் நடுவில் இருக்கும்படி அரை அடி தள்ளி வைத்தான். படிக்கத் தெரியாதவன் பக்கம் புத்தகம் நகர்ந்தது. பிறகு அடுத்த வரியைச் சொல்லத் தொடங்கினான்.

நடுத்தட்டில் தமிழ் மெலிந்து கிடப்பது எனக்குப் பெரிய மனக்குறை. கிரிக்கெட் பைத்தியம் பிடித்த ஊர் இது. அஷ்வின் மேற்கு மாம்பலத்துத் தெருவில் டென்னிஸ் பந்து ஆடி வளர்ந்து, டெஸ்டில் 537 விக்கெட் எடுத்து ஓய்ந்தவர். அவருடைய கதைகூட 2024-இல் ஆங்கிலப் புத்தகமாகத்தான் வந்தது. அந்தத் தெருவில் அவரோடு ஆடிய பையன்கள் பேசிய தமிழ் எவ்வளவு சுவையாக இருந்திருக்கும்! சிவப்புச் சட்டை போட்ட எத்தனையோ பையன்கள் அதைத் தாங்களே படிக்க வேண்டும். இன்னொருவன் வாய்வழியாக மட்டும் அல்ல.

தமிழிலேயே எழுந்த ஒரு புத்தகம் அந்த அலமாரியில் இருக்கிறது. அது அங்கே இருக்க வேண்டியது அல்ல. சி.சு. செல்லப்பாவின் ‘வாடிவாசல்’. கதை அலமாரிக்கு உரியது. அதை 796-க்குக் கொண்டு வந்தவர் ஒரு பெரியவர். ராத்திரி ஏதோ ஒரு கட்டடத்துக்குக் காவல். காக்கிச் சட்டையோடு வருவார். இடது காலைச் சற்று இழுத்து நடப்பார். வேறெந்தப் புத்தகத்தையும் அவர் எடுத்து நான் பார்த்ததில்லை. மெல்லிய புத்தகம், இரண்டு மூன்று நாளில் முடித்துவிடுவார். முடித்ததும் கதை அலமாரிக்குப் போகாமல், விளையாட்டுத் தட்டில் செருகிவிட்டுப் போவார். நூலகர் அம்மா எடுத்துப் பழைய இடத்தில் வைப்பார். அடுத்த மாதம் மறுபடி 796-இல் இருக்கும். நாலைந்து முறை இப்படி நடந்தது. பிறகு நூலகர் அம்மா எடுக்கவில்லை.

பெரியவர் பக்கமே சரி என்று எனக்குப் படுகிறது. தன் அப்பன் அம்புலியைக் குத்திக் கொன்ற காரிக் காளையைப் பிடிக்க வருகிறான் பிச்சி. பக்கத்தில் மருதன், மச்சான்காரன். கதையை முதல் தடவை படித்தபோது எனக்குக் காளையும் பிச்சியும்தான் தெரிந்தார்கள். இந்தப் பெரியவர் படிப்பதைப் பார்த்த பிறகு திரும்ப எடுத்துப் படித்தேன், மருதன் தெரிந்தான். வீரனுக்குப் பக்கத்தில் நின்று, வீரனையே பார்த்துக்கொண்டிருப்பவன். அவனுக்கும் கை துறுதுறுக்கும், அவனும் ஆம்பளைதான். ஆனால் அன்றைக்கு அவன் வந்தது துணைக்கு. காளை பிச்சிக்கு. தோழமை என்ற சொல்லைச் சொல்லாமலே செல்லப்பா அதை வாடிவாசலில் நிறுத்திவிட்டார். மறுபக்கம் ஜமீன்தார். தன் காளை பிடிபட்டுவிட்ட பிறகு அதைச் சுட்டுக் கொல்கிறவர். மானம் என்று அவர் நினைத்ததற்காக வாயில்லாத ஒன்று சாகிறது. ஆண்மை என்ற பெயரில் நடக்கும் இரண்டையும் ஒரே மணலில் வைத்துக் காட்டிய கதை அது.

ஜல்லிக்கட்டு ஊர்களில் மாட்டைப் பிடிப்பதற்கு ‘அணைவது’ என்றே சொல்வார்கள். மாடு அணைகிறவன். பாய்ந்து வரும் காளையின் திமிலைக் கட்டிக்கொண்டு, கன்னம் அதன் தோலில் அழுந்த, விழாமல் தொங்குவது. வேறெந்த விளையாட்டிலாவது எதிராளியை வெல்வதற்கு அணைப்பது என்று பெயர் இருக்கிறதா? பெரியவர் அந்தப் பக்கங்களைப் படிக்கும்போது வலது கையில்தான் புத்தகம் இருக்கும். இடது கை, இழுத்து நடக்கும் அந்தக் காலின் தொடையை மேலும் கீழும் தடவிக்கொண்டே இருக்கும். கேட்டிருந்தால் சொல்லியிருப்பாரோ என்னவோ. நான் கேட்கவில்லை.

நாற்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் சனிக்கிழமைகளில் வந்து அகாசியின் ‘ஓப்பன்’ படித்தார். கழுத்தில் அலுவலக அடையாள அட்டை, முன்னந்தலையில் முடி ஏறியிருக்கும். டென்னிஸை வெறுத்துக்கொண்டே டென்னிஸ் ஆடியவனின் கதை அது. அப்பா மைக், ஈரானுக்காக 1948-லும் 1952-லும் ஒலிம்பிக்கில் குத்துச்சண்டை போட்டவர். மகனுக்கு எதிரே பந்து துப்பும் இயந்திரத்தை நிறுத்தி வைத்தவர். 1990 பிரெஞ்சு ஓப்பன் இறுதி ஆட்டத்தை அகாசி விக் வைத்துக்கொண்டு ஆடினார். முந்தின நாள் குளிக்கும்போது அது பிய்ந்துபோக, அண்ணன் பிலி உட்கார்ந்து கொண்டை ஊசி குத்திச் சரிசெய்திருக்கிறான். மறுநாள் மைதானத்தில் அகாசி வேண்டிக்கொண்டது ஜெயிக்க அல்ல, விக் விழாமல் இருக்க. தோற்றார். உலகம் சிங்கத்தின் பிடரி என்று கொண்டாடிய தலையை, ராத்திரி ஒரு அறையில் அண்ணன் மடியருகே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது ஒரு இருபது வயசு.

அந்தப் பக்கத்தில் அவர் நின்றுவிட்டார் என்பது எனக்கு எப்படித் தெரிந்தது என்றால், பக்கம் புரளவே இல்லை. கை மெதுவாக முன்னந்தலைக்குப் போயிற்று. மூடவில்லை, கோதவில்லை, அங்கேயே இருந்தது. அடுத்த சனிக்கிழமை பத்து, பன்னிரண்டு வயசுப் பையன் ஒருவனை அழைத்துக்கொண்டு வந்தார். மகனாகத்தான் இருக்க வேண்டும், அதே நெற்றி. “உனக்கு எது வேணுமோ எடுத்துக்கோ” என்றார். பையன் டைனோசார் புத்தகம் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தான். அவர் 796 பக்கம் கையைக்கூடக் காட்டவில்லை.

பெண்களும் வருகிறார்கள். பிளஸ் டூ முடித்த ஒரு பெண், தோளில் கூடைப்பந்து வலைப்பை. “பொண்ணுங்க எழுதினது ஏதாவது இருக்கா மேடம்?” என்று கேட்டாள். நூலகர் அம்மா மேரி கோமின் புத்தகத்தை எடுத்துக் கொடுத்தார். அதை வாங்கிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, போகிற போக்கில் ‘வாடிவாசலை’யும் உருவி, நின்றபடியே பத்துப் பக்கம் படித்தாள். பெரியவர் அப்போது இருந்தார். தன் புத்தகம் இன்னொருவர் கையில் இருப்பதைப் பார்த்துவிட்டு, பக்கத்து நாற்காலியை அவள் பக்கம் இழுத்துப் போட்டார். “உக்காந்து படிம்மா.” அவ்வளவுதான் அவர் பேசி நான் கேட்டது.

கண்ணாடிக்காரனும் சிவப்புச் சட்டைக்காரனும் புத்தகத்தில் அந்த அமெரிக்க ஆஸ்பத்திரி இருக்கும் இண்டியானாபோலிசுக்கு வந்து சேர இரண்டு வாரம் பிடித்தது. கீமோதெரபி பக்கங்கள். முடி கொட்டுகிறது, அம்மா கூடவே இருக்கிறார். கண்ணாடிக்காரனின் மொழிபெயர்ப்பு வேகம் குறைந்தது. வரிக்கும் வரிக்கும் நடுவே தொண்டையைச் செருமினான். நடுவில் புத்தகத்தை விட்டு வெளியே வந்து, அனில் கும்ப்ளே கதையைச் சொன்னான். கும்ப்ளே அமெரிக்காவுக்குப் போய் யுவராஜைப் பார்த்தபோது, இவர் தன் பழைய ஆட்டங்களை லேப்டாப்பில் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாராம். அதை மூடிவைத்துவிட்டு, முதலில் உடம்பைப் பார் என்றாராம் கும்ப்ளே.

“அவ்வளவு தூரம் போயா பார்த்தாரு?” என்றான் சிவப்புச் சட்டைக்காரன்.

“ஆமா மாப்ள.”

“லேப்டாப்பை மூடுறதுக்கு.”

கண்ணாடிக்காரன் சிரித்தான். சிரிப்பு பாதியில் நின்றது. கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் துடைத்தான். நன்றாக இருந்த கண்ணாடியைத்தான் துடைத்தான். மற்றவன் புத்தகத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு, தனக்குத் தெரியாத அந்த எழுத்துகளையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தான். நண்பன் கண்ணாடியைத் திரும்பப் போட்டுக்கொள்ளும் வரை நிமிரவே இல்லை.

இன்னும் சேப்பாக்கம் வரவில்லை. 2012 செப்டம்பர் 11, நியூசிலாந்துடன் இருபது ஓவர் ஆட்டம். முடி அப்போதுதான் முளைத்த தலையோடு, வாந்தி எடுத்த அதே மைதானத்துக்கு யுவராஜ் திரும்பி வந்து 34 ரன் எடுத்தார். இந்தியா ஒரு ரன்னில் தோற்றது. எனக்குத் தெரிந்த கதை. கண்ணாடிக்காரன் இதை எந்தச் சொற்களில் சொல்லப்போகிறான் என்று கேட்பதற்காகவே அன்று ஐந்து மணிக்குப் பிறகும் உட்கார்ந்திருந்தேன்.

சிவப்புச் சட்டைக்காரனின் செல்போன் அதிர்ந்தது. ஆர்டர். எழுந்து வாசலுக்குப் போய் செருப்பில் ஒரு காலை நுழைத்தவன், திரும்பி வந்தான். “நான் வர்ற வரைக்கும் மேல படிக்காதல.”

“படிக்கல. போ.”

பை முதுகில் ஏறியது. படிக்கட்டில் இறங்கும் சத்தம். கீழே பைக் கிளம்பியது. கண்ணாடிக்காரன் படித்த இடத்தில் ஒரு சாப்பாட்டுக் கடை பில்லை வைத்துப் புத்தகத்தை மூடினான். பொது அறிவுப் புத்தகத்தை எடுத்துப் பிரித்து, அடிக்கோடு போட ஆரம்பித்தான். அது அவனுடைய வேலை, தேர்வு நெருங்குகிறது. ஆனாலும் ஒரு கை மட்டும் மூடிய புத்தகத்தின்மேல் இருந்தது.

ஏழரைக்கு நூலகர் அம்மா ஜன்னல்களைச் சாத்த ஆரம்பித்தார். அவன் புத்தகத்தை எடுத்துக்கொண்டு மேசைக்குப் போனான். அவர் பின்னட்டையைத் திறந்து, ஏற்கெனவே மூன்று தேதி இருந்த சீட்டில் நான்காவது முத்திரையை அடித்தார். ஊதா மை காயும் வரை அவன் அட்டையை மூடாமல் பிடித்துக்கொண்டு நின்றான்.